கழுத்தும் இறக்கையும்: ‘நோலி’யை ஒன்பதாம் வகுப்பில் கற்பிப்பது

பிலிப்பைன்ஸில் ஒன்பதாம் வகுப்பை முடித்த மாணவர் பெரும்பாலும் ஸ்பானிய ஆட்சிக் காலத்தில் ஹொசே ரிசால் எழுதிய ‘நோலி மே தாங்ஹெரே’ நாவலின் கதையைச் சொல்லிவிடுவார். ஏழாண்டு ஐரோப்பாவில் இருந்துவிட்டு ஊர் திரும்பும் கிரிசோஸ்தோமோ இபாரா, அவன் காதலி மரியா கிளாரா, கொடுமைக்காரத் துறவி தாமசோ, பிள்ளைகளைத் தேடிப் பித்துப்பிடித்து அலையும் சீசா. யார் யாருக்கு என்ன உறவு, எந்தப் பாத்திரம் எதற்குக் குறியீடு என்பதெல்லாம் மனப்பாடமாக வரும். வராத ஒன்று உண்டு. இது பக்கத்துக்குப் பக்கம் சிரிக்கவைக்கும் நாவல் என்பது பல மாணவருக்குத் தெரியாமலே போய்விடுகிறது. காரணம் எளிது. அவர்கள் படித்தது நாவலை அல்ல, கதைச்சுருக்கத்தை. ஹொசே ரிசாலின் எழுத்தில் உயிர் இருக்குமிடம் கதைசொல்லியின் குரல். சுருக்கம் எழுதுகிறவர் முதலில் வெட்டுவது அந்தக் குரலைத்தான்.

இந்தப் பழக்கத்துக்கு ஒரு சட்டப் பின்னணி உண்டு. 1956 ஜூன் 12 அன்று கையெழுத்தான குடியரசுச் சட்டம் 1425, ரிசாலின் வாழ்க்கையையும் எழுத்துகளையும், குறிப்பாக ‘நோலி’, ‘எல் ஃபிலிபஸ்தெரிஸ்மோ’ ஆகிய இரண்டு நாவல்களையும், எல்லாப் பள்ளிகளிலும் கல்லூரிகளிலும் பாடமாக்கியது. செனட்டர் கிளாரோ ரெக்தோ முன்னின்று கொண்டுவந்த மசோதா அது. துறவிகளைத் தாக்கும் நூலைக் கத்தோலிக்கப் பிள்ளைகளின் கையில் கட்டாயமாகத் திணிப்பதா என்று திருச்சபை கடுமையாக எதிர்த்தது. கடைசியில் ஹொசே லாரெல் முன்வைத்த சமரச வடிவமே நிறைவேறியது. அதன்படி வெட்டுப்படாத மூலப் பதிப்பையோ அதன் மொழிபெயர்ப்பையோ அடிப்படை நூலாக வைத்தே தீரவேண்டும் என்ற நிபந்தனை கல்லூரிகளுக்கு மட்டும். சமய நம்பிக்கை காரணமாக உறுதிமொழிப் பத்திரம் எழுதிக்கொடுக்கும் மாணவர் வாசிப்பிலிருந்து விலக்குப் பெறலாம், பாடத்திலிருந்து விலக்கு இல்லை. உயர்நிலைப் பள்ளிக்கு முழு நூல் கட்டாயமில்லை என்றானதும் அந்த இடத்தைச் சுருக்கப் பதிப்புகள் நிரப்பின. நாவலைக் கட்டாயமாக்கிய அதே சட்டம், அதைப் படிக்காமலே பாடம் முடிக்கவும் வழிவிட்டது.

பல ஆண்டுகளாக நடைமுறையில் உள்ள ஏற்பாட்டில் ஏழாம் வகுப்புக்கு ‘இபோங் அதார்னா’, எட்டாம் வகுப்புக்கு ‘ஃப்ளோராந்தே அத் லவுரா’, ஒன்பதாம் வகுப்புக்கு ‘நோலி’, பத்தாம் வகுப்புக்கு ‘ஃபிலி’ எனப்படும் ‘எல் ஃபிலிபஸ்தெரிஸ்மோ’. எல்லாமே பிலிப்பினோ மொழிப் பாடத்தின் கடைசிக் காலாண்டில் வரும். மாணவருக்கு வயது 14, 15. வாரத்துக்கு நான்கு மணி நேரம், பத்து வாரம் என்று வைத்தால் நாற்பது மணி நேரம் கிடைக்கும். தேர்வு, விடுமுறை, விழா ஒத்திகை எல்லாம் போக 32 வகுப்புகள் மிஞ்சினால் பெரிது. நாவலில் 63 அத்தியாயங்களும் ஒரு முடிவுரையும் உள்ளன. வகுப்பில் முழுவதையும் வாசிப்பது நடக்காது. எதை முழுதாக வாசிப்பது, எதைச் சொல்லிக் கடப்பது என்று முதலிலேயே தீர்மானித்தால்தான் வண்டி ஓடும்.

வழக்கமாக நடக்கும் தவறு இந்த இடத்தில்தான் தொடங்குகிறது. முதல் மூன்று வாரம் ரிசாலின் வரலாற்றில் போய்விடும். 1861இல் கலம்பாவில் பிறந்தது, ஐரோப்பியப் பயணம், நாவலை மத்ரித்தில் தொடங்கிப் பாரிஸில் தொடர்ந்து பெர்லினில் முடித்தது, நண்பர் மாக்ஸிமோ வியோலா கொடுத்த 300 பெசோவில் 1887இல் 2000 படிகள் அச்சிட்டது, 1896 டிசம்பர் 30 அன்று சுட்டுக் கொல்லப்பட்டது. எல்லாம் தெரிந்துகொள்ள வேண்டியவைதான். ஆனால் தேசத் தியாகியின் படத்துக்கு மாலை போட்ட பிறகு அவர் எழுதிய நகைச்சுவைக்குச் சிரிக்க 14 வயதுப் பிள்ளைக்குத் துணிவு வராது. வரலாற்றுக்கு ஒரே ஒரு வகுப்பு போதும். அதிலும் மூன்று செய்திகள் மட்டும்.

முதலாவது 1872. அந்த ஆண்டு ஜனவரியில் கவித்தேயில் நடந்த கலகத்தைச் சாக்காக வைத்து, பிப்ரவரி 17 அன்று கோமெஸ், புர்கோஸ், சமோரா என்ற மூன்று குருக்களை ஸ்பானிய அரசு கழுத்தை நெரித்துக் கொன்றது. அப்போது ரிசாலுக்குப் பத்து வயது. ‘ஃபிலிபஸ்தெரோ’ என்ற சொல்லுக்கு அரசத் துரோகி என்ற பொருளும், அதைக் கேட்டாலே நடுங்கும் அச்சமும் சேர்ந்தது இதிலிருந்துதான். நாவலின் நான்காவது அத்தியாயத்தில் இபாராவின் தந்தையை ‘மதவிரோதி, ஃபிலிபஸ்தெரோ’ என்று சொல்லும்போது அந்தச் சொல்லின் எடை வகுப்புக்குத் தெரிந்திருக்க வேண்டும்.

இரண்டாவது, பங்குத் துறவியின் அதிகாரம். 1863ஆம் ஆண்டுக் கல்வி ஆணைப்படி ஊர்ப் பள்ளிக்கூடத்தின் மேற்பார்வையாளர் அவரே. அதே ஆணை ஸ்பானிய மொழியைக் கற்பிக்கவும் சொன்னது. இந்த இரண்டு வரியும் தெரியாவிட்டால் 19ஆம் அத்தியாயத்தில் வரும் ஆசிரியர் ஏன் தாமசோவை எதிர்த்துப் பேசாமல் தலைகுனிகிறார் என்பது புரியாது, ‘கோழை’ என்று எழுதிவிட்டுப் போய்விடுவார்கள். மூன்றாவது, நாணயக் கணக்கு: ஒரு ஒன்சா 16 பெசோ, ஒரு பெசோ 160 குவார்த்தோ. இது எதற்கு என்பது பின்னால் வரும்.

தலைப்பை விளக்க இரண்டு நிமிடம் போதும். யோவான் நற்செய்தி 20ஆம் அதிகாரத்தில் உயிர்த்தெழுந்த இயேசு மரியாவிடம் சொல்லும் ‘என்னைத் தொடாதே’ என்பதன் லத்தீன் வடிவம் அது. நாவலின் சமர்ப்பண உரையில், லேசாகத் தொட்டாலும் கடும் வேதனை தரும் புற்றுநோய் ஒன்றைப் பற்றி ரிசால் பேசுகிறார். தன் நாட்டின் நோயும் அத்தகையது என்கிறார்.

இரண்டாம் வகுப்பிலேயே நாவலைத் திறந்துவிட வேண்டும். அக்டோபர் கடைசியில், மணிலாவின் பினோந்தோ பகுதியில், மரியா கிளாராவின் தந்தை எனப்படும் செல்வந்தர் கப்பித்தான் தியாகோ வீட்டு விருந்து. கதைசொல்லி நம்மை அழைத்துக்கொண்டு தெருவில் நடக்கிறார். பக்கத்தில் ஓடும் ஓடையை விவரிக்கிறார். குளிக்க, கழிவை விட, துணி துவைக்க, மீன் பிடிக்க, படகு விட, சீனத் தண்ணீர்க்காரர் மனம் வைத்தால் குடிக்கவும் அதே தண்ணீர். அந்த வட்டாரத்தின் மரப்பாலம் ஆறு மாதம் ஒரு பக்கம் உடைந்து கிடக்கும், மிச்ச ஆறு மாதம் மறுபக்கம் போக முடியாது. வாசகரை நேராக விளித்து, நீ நண்பனோ பகைவனோ, உள்ளே வா என்கிறார். இந்த இரண்டு பத்தியை ஆசிரியரே உரக்க, நிதானமாக வாசிக்க வேண்டும். பிறகு ஒரே கேள்வி: ‘இந்தப் பாலத்தைப் பற்றி அரசு அதிகாரி ஒருவர் அறிக்கை எழுதினால் எப்படி எழுதுவார்? ரிசால் எப்படி எழுதியிருக்கிறார்?’ ஐந்து வரி எழுதிப் பார்த்தாலே எள்ளல் என்றால் என்னவென்று கைக்கு வந்துவிடும். அணி இலக்கண விளக்கம் தேவைப்படாது.

அடுத்தது மூன்றாம் அத்தியாயம், விருந்து. நோலியைக் கற்பிக்கும் எவரும் கைவிடக் கூடாத இடம் இது. மேசையின் தலைமாட்டு இருக்கைக்கு பிரான்சிஸ்கன் தாமசோவும் தொமினிக்கன் சிபிலாவும் ஒரே நேரத்தில் போய் நிற்கிறார்கள். உடனே ஒருவரை ஒருவர் ‘நீங்கள் உட்காருங்கள்’ என்று உபசரிக்கத் தொடங்குகிறார்கள். பிறகு சிபிலா அங்கே நிற்கும் படைத் துணைத் தலைவருக்கு அந்த இருக்கையைக் கொடுக்க முன்வருகிறார், அவர் மறுத்துவிடுகிறார். விருந்து கொடுக்கும் கப்பித்தான் தியாகோவை யாரும் நினைப்பதே இல்லை. பிறகு தினோலா வருகிறது. இஞ்சி போட்டுக் கொதிக்கவைத்த கோழிச் சாறு அது. இன்றைய வீடுகளில் பப்பாளிக்காயும் முருங்கைக்கீரையும் சேர்ப்பார்கள், ரிசாலின் மேசையில் சுரைக்காய். சிபிலா பரிமாறுகிறார். தவறுதலாகவோ வேண்டுமென்றோ, தாமசோவின் தட்டில் சாற்றுக்கு நடுவே ஒரு வெறும் கழுத்தும் விறைப்பான இறக்கையும் மிதக்கின்றன. மற்றவர்களுக்குக் காலும் நெஞ்சும். இபாராவுக்கு ஈரலும் மற்ற நல்ல உள்ளுறுப்புகளும். தாமசோ சுரைக்காயை நசுக்குகிறார், கொஞ்சம் சாறு குடிக்கிறார், கரண்டியை ஓசையெழப் போடுகிறார், தட்டைத் தள்ளிவிடுகிறார்.

வகுப்பில் ஆறு நாற்காலி, ஒரு மேசை போதும். வசனம் பேச வேண்டாம், யார் எங்கே உட்கார்ந்தார், யார் நின்றார், யார் தட்டில் என்ன இருந்தது என்பதை மட்டும் நடித்துக் காட்டச் சொல்ல வேண்டும். சபைகளுக்கிடையே இருந்த போட்டி, படைக்கும் துறவிகளுக்கும் இருந்த உறவு, நாட்டுக்காரன் ஒருவன் மேசையில் சமமாக அமர்ந்தால் என்ன நேரும் என்பது எல்லாம் அந்த ஐந்து நிமிடத்தில் கண்முன் நிற்கும். சுருக்கப் பதிப்பில் இந்தக் காட்சி ‘விருந்தில் தாமசோ இபாராவை அவமதித்தார்’ என்று ஒரே வரியாகிவிடும். அந்த வரியை வைத்துக்கொண்டு எந்த ஆசிரியராலும் பாடம் நடத்த முடியாது.

எதைப் படிப்பது, எதைக் கடப்பது

முழுதாக வாசிக்கத் தகுந்தவை என்று 18 அத்தியாயங்களை எடுக்கலாம்: 1, 3, 4, 7, 11, 13, 15, 16, 19, 25, 31, 32, 34, 49, 50, 60, 61, 63. அதோடு முடிவுரை. மிச்சத்தை ஆசிரியர் இரண்டு மூன்று நிமிடத்தில் வாய்மொழியாகச் சொல்லி இணைத்துவிடலாம். 32 வகுப்பில் பின்னணிக்கு ஒன்று, வாசிப்புக்கு 22, விவாதத்துக்கு மூன்று, எழுதுவதற்கு நான்கு, திருப்புதலுக்கு இரண்டு. ஒரு மணி நேர வகுப்பில் முந்தைய நாளை நினைவூட்ட ஐந்து நிமிடம், உரக்க வாசிக்க இருபது, கேள்விக்கு இருபது, எழுதப் பத்து, அடுத்த அத்தியாயத்துக்குப் பாலம் போட ஐந்து. ஒரு பக்கத்தை உரக்க வாசிக்க இரண்டரை முதல் மூன்று நிமிடம் ஆகும். நீண்ட அத்தியாயத்தை முதல் நாளே பார்த்து எங்கே நிறுத்துவது என்று பென்சிலால் குறித்துக்கொள்ளாவிட்டால் மணி அடிக்கும்போது பாதிக் காட்சியில் நிற்க நேரும்.

இங்கே ஒரு நடைமுறைச் சிக்கல் உண்டு. அச்சுச் செலவைக் குறைக்க ‘எலியாஸும் சலோமேயும்’ என்ற அத்தியாயத்தை ரிசாலே கையெழுத்துப் படியிலிருந்து எடுத்துவிட்டார். பின்னாளில் சில பதிப்புகள் அதை அதன் இடத்தில், 25ஆம் அத்தியாயமாக, மீண்டும் சேர்த்தன. அப்படிச் சேர்த்த பதிப்பில் அதற்குப் பிறகுள்ள எண்கள் ஒவ்வொன்று தள்ளிப்போகும், மொத்தம் 64 ஆகிவிடும். ஒரே வகுப்பில் இரண்டு பதிப்பு இருந்தால் ‘நாளைக்கு 32 படித்துவிட்டு வாருங்கள்’ என்று சொன்ன ஆசிரியருக்கு மறுநாள் பாதி வகுப்பு 31ஐப் படித்துவிட்டு வந்திருக்கும். எண்ணோடு தலைப்பையும் சேர்த்தே சொல்ல வேண்டும்.

கால ஓட்டத்துக்குச் சுவரில் ஒரு நாட்காட்டி ஒட்டுவது நல்லது. நாவலின் நிகழ்காலம் அக்டோபர் இறுதி முதல் கிறிஸ்துமஸ் முந்தைய இரவு வரை, இரண்டு மாதத்துக்குள் அடங்கிவிடுகிறது. நவம்பர் தொடக்கத்தில் கல்லறைத் திருநாள், 11ஆம் தேதி கதை நடக்கும் சான் தியேகோ ஊரின் திருவிழா, டிசம்பர் 24 இரவு முடிவு. இபாராவின் தந்தை ரஃபேல் சிறையில் இறந்தது, இபாராவுக்குத் துணைநிற்கும் படகோட்டி எலியாஸின் குடும்பம் அழிந்தது போன்றவை முன்கதைகள். அவற்றை வேறு நிறத்தில் எழுதி ஒட்டினால், எது இப்போது நடக்கிறது, எது ஒருவர் சொல்லக் கேட்கிறோம் என்ற குழப்பம் வராது. மாணவர் எழுத்தில் மிகுதியாகக் காணப்படும் பிழை இந்தக் குழப்பத்தால் வருவதுதான்.

மூன்று காட்சிகளைக் கொஞ்சம் நின்று பார்க்க வேண்டும்.

15ஆம் அத்தியாயம். மழை இரவில் கோவில் மணிக்கூண்டில் இரண்டு சிறுவர்கள், பசிலியோவும் கிறிஸ்பினும். கோவில் வேலை செய்யும் பிள்ளைகள். கிறிஸ்பின் இரண்டு ஒன்சா திருடிவிட்டான் என்று தலைமைக் கோவில்பிள்ளை குற்றம் சாட்டுகிறார். இரண்டு ஒன்சா என்றால் எவ்வளவு? முப்பத்திரண்டு பெசோ. சின்னவன் விரலை எண்ணுகிறான்: ஆறு கையும் இரண்டு விரலும். ஒரு விரலுக்கு ஒரு பெசோ. ஒரு பெசோவுக்கு எத்தனை குவார்த்தோ? நூற்றறுபது. அது எவ்வளவு? முப்பத்திரண்டு கை. இவ்வளவு காசை மூன்று நாளானாலும் எண்ண முடியாதே என்று வியக்கிறான். காலுக்குச் செருப்பு, வெயிலுக்குத் தொப்பி, மழைக்குப் பெரிய குடை, அம்மாவுக்கும் அண்ணனுக்கும் துணி, சோறு என்று அடுக்கிக்கொண்டே போய், திருடாமல் விட்டேனே என்று வருந்துகிறான்.

வகுப்பில் எல்லோரும் கையைத் தூக்கி அந்தக் கணக்கைப் போட்டுப் பார்க்க வேண்டும். 32ஐ 160ஆல் பெருக்கினால் 5120 குவார்த்தோ. நாற்பது மாணவர் இருந்தால் எண்பது கை, அதாவது 400 விரல். ஒரு விரலுக்கு ஒரு குவார்த்தோ என்றால் மொத்த வகுப்பும் பதின்மூன்று முறை கையை விரித்தாக வேண்டும். வறுமை என்றால் என்ன என்று அதற்குப் பிறகு யாரும் விளக்க வேண்டியதில்லை. நாணய மதிப்பை முதல் வகுப்பிலேயே சொல்லிவைப்பது இதற்காகத்தான்.

இதே சிறுவர்களைப் பற்றி இன்னொரு கவனம். கிறிஸ்பினை அடித்தே கொன்றார்கள் என்று மாணவர் உறுதியாக எழுதுவார்கள். நாவலில் அப்படி அடிபட்டுச் சாவதை நாம் பார்ப்பது 17ஆம் அத்தியாயத்தில், பசிலியோவின் கனவில். கிறிஸ்பினுக்கு என்ன ஆனது என்பதை நாவல் நேராகக் காட்டுவதே இல்லை. ‘நீ இதை எங்கே படித்தாய்? யார் சொல்கிறார்?’ என்று திருப்பிக் கேட்பதற்கு இதைவிடப் பொருத்தமான இடம் கிடைக்காது.

அடுத்தது 19, பள்ளி ஆசிரியரின் கதை. பங்கு மாளிகையின் கீழ்த்தளத்தில், துறவியின் வண்டி நிற்கும் இடத்துக்குப் பக்கத்தில் வகுப்பு நடக்கிறது. பிள்ளைகள் ஸ்பானியப் புத்தகத்தைப் பொருள் தெரியாமல் ஒப்பிக்கிறார்கள். ஆசிரியர் ஸ்பானியத்தில் வணக்கம் சொன்னதற்கு, இரவல் உடையை உடுத்திக்கொண்டு என்னிடம் வராதே, உன் மொழியில் பேசு என்று தாமசோ, பிலிப்பினோவுக்கு அடிப்படையான தகலோகில் ஏசுகிறார். பிரம்பை ஒழித்தவுடன் படிப்பு முன்னேறுகிறது. ஆனால் துறவி மட்டுமல்ல, பெற்றோரே பிரம்பு வேண்டும் என்கிறார்கள். இது மாணவருக்குத் தங்கள் சொந்த வாழ்க்கையிலிருந்து பேச இடம் தரும் அத்தியாயம். ஒரு கேள்வியை மட்டும் முன்னால் வைத்தால் போதும்: தாய்மொழியில் பேசு என்று சொல்வது நல்ல அறிவுரைதானே, தாமசோ வாயிலிருந்து வரும்போது அது ஏன் அவமதிப்பாகிறது? செபுவானோ, இலோகானோ பேசும் மாணவருக்குப் பிலிப்பினோவே இரண்டாம் மொழி. அவர்கள் தரும் பதில் மணிலா மாணவர் தரும் பதிலிலிருந்து வேறுபடும். இரண்டையும் வகுப்பில் பேசவிட வேண்டும்.

31ஆம் அத்தியாயத்தில் தாமசோவின் நீண்ட பிரசங்கத்தில் ஒரு துண்டு போதும். ஸ்பானியம் தெரியாத ஊர்மக்களுக்குக் காதில் விழுவது ‘குவார்தியா சிவில்’ என்ற காவல்படை, ‘துலிசான்’ என்ற கொள்ளைக்காரர், ‘சான் தியேகோ’, ‘சான் பிரான்சிஸ்கோ’ ஆகிய சொற்கள் மட்டுமே. காவல்படைத் தலைவரின் கடுகடுத்த முகத்தையும் துறவியின் போர்க்குணக் கையசைவையும் வைத்து, கொள்ளைக்காரரைப் பிடிக்காததற்காக அவரைத் திட்டுகிறார் போலும் என்று தாங்களே ஒரு பிரசங்கத்தைக் கட்டிக்கொள்கிறார்கள். மாணவர் வாய்விட்டுச் சிரிக்கும் இடம் இது. சிரித்து முடித்த பிறகு, யாரைப் பார்த்துச் சிரித்தோம் என்று கேட்க வேண்டும். மக்களையா, பிரசங்கத்தையா, புரியாத மொழியில் பேசுவதையே அதிகாரமாக்கிய ஏற்பாட்டையா?

குறியீட்டு அட்டவணை

எல்லாப் பள்ளிக் குறிப்பேட்டிலும் ஒரு அட்டவணை இருக்கும். சீசா தாய்நாடு, மரியா கிளாரா ஒடுங்கிக் கிடக்கும் பிலிப்பைன்ஸ், எலியாஸ் சாமானிய மக்கள், தாசியோ அறிவுலகம். இது முழுப் பொய் அல்ல. ஆனால் நாவலுக்கு முன்னால் இதைக் கொடுத்துவிட்டால் வாசிப்பு அங்கேயே முடிந்துவிடுகிறது. 16ஆம் அத்தியாயத்தில் சீசா பிள்ளைகளுக்கென்று சிறுமீனும் தக்காளியும் எடுத்து வைத்து, கிழவர் தாசியோவிடம் காட்டுப்பன்றி உப்புக்கண்டமும் வாத்துக்காலும் கேட்டு வாங்கிச் சமைக்கிறாள். பிள்ளைகள் வருமுன் கணவன் வந்து உட்கார்ந்து ஏறக்குறைய எல்லாவற்றையும் தின்றுவிட்டுப் போகிறான். சீசா தாய்நாடு என்று முதலே தெரிந்த பிள்ளைக்கு அந்த வாத்துக்கால் கண்ணில் படாது, அந்தக் கணவன் எதற்குக் குறியீடு என்று தேடிக்கொண்டிருக்கும். அட்டவணை வேண்டுமென்றால் கடைசி வாரத்தில், மாணவரே, சான்றாக ஒரு வரியை எடுத்துக் காட்டிப் போட்டுக்கொள்ளட்டும். சான்று கிடைக்காத பொருத்தம் தானாக உதிர்ந்துவிடும்.

மரியா கிளாராவிடம்தான் அட்டவணை அதிகத் தீங்கு செய்கிறது. அடக்கமான பிலிப்பினாப் பெண்ணின் இலக்கணம் என்று அவளைக் காட்டுவது நெடுநாள் வழக்கம். ரிசால் பெண்களிடம் எதை எதிர்பார்த்தார் என்பதற்கு அவரே எழுதிய சான்று இருக்கிறது. 1888 டிசம்பரில் மலோலோஸ் ஊரின் இருபது இளம்பெண்கள், ஸ்பானியம் கற்க இரவுப் பள்ளி வேண்டும் என்று தலைமை ஆளுநர் வெய்லரிடம் நேரில் மனு கொடுத்தார்கள். அவர்களைப் பாராட்டி 1889 பிப்ரவரியில் ரிசால் தகலோகில் நீண்ட கடிதம் எழுதினார். அதில் கண்மூடிக் கீழ்ப்படிவதைக் கண்டிக்கிறார், பெண்ணுக்குத் துணிவும் சிந்தனையும் வேண்டும் என்கிறார். 60ஆம் அத்தியாயத்தையும் இந்தக் கடிதத்தின் ஒரு பக்கத்தையும் அடுத்தடுத்த நாளில் வாசித்தால், மரியா கிளாரா ரிசாலின் இலட்சியமா, அவருடைய துயரமா என்று மாணவரே விவாதிப்பார்கள்.

அதே 60ஆம் அத்தியாயத்தில் அவளுடைய உண்மையான தந்தை தாமசோ என்பது வெளிப்படுகிறது. தாயின் பழைய கடிதங்கள் வழியே வரும் இந்தச் செய்தியில் வன்முறையின் நிழல் இருக்கிறது. 14 வயதுப் பிள்ளைகளிடம் இதை மறைக்கவும் வேண்டாம், விவரித்து நீட்டவும் வேண்டாம். அதிகாரமுள்ள ஒருவர் வீட்டுக்குள் வந்துபோகும்போது மறுக்கும் வாய்ப்பு அந்தப் பெண்ணுக்கு இருந்ததா என்ற கேள்வி போதுமானது. காவல்படைத் தலைவரின் மனைவி தோன்யா கொன்சொலாசியோன் சாட்டையைக் காட்டிச் சீசாவை ஆடவைக்கும் 39ஆம் அத்தியாயத்தை வகுப்பில் நடிக்கவிடக் கூடாது. நடிப்பில் அது வேடிக்கையாகிவிடும், சீசாவாக நிற்கும் பிள்ளை அடுத்த வாரமும் அந்தப் பெயரைச் சுமக்கும். ரஃபேலின் உடலைத் தோண்டியெடுத்துச் சீனர் கல்லறையில் போடச் சொன்னது பெரும் இழிவாக நாவலில் வருகிறது. வகுப்பில் சீன வழி வந்த மாணவர் இருப்பார்கள். அது யாருடைய பார்வையில் இழிவு என்பதைச் சொல்லாமல் அந்தப் பத்தியைத் தாண்டக் கூடாது.

இபாராவும் எலியாஸும்

விவாதத்துக்கான மூன்று வகுப்பையும் 49, 50, 61 அத்தியாயங்களுக்குக் கொடுக்க வேண்டும். ஏரியில் படகில் இருவரும் பேசுகிறார்கள். துன்புறும் மக்களின் சார்பில் எலியாஸ் சீர்திருத்தம் கேட்கிறான்: காவல்படையின் அதிகாரத்தைக் குறைக்க வேண்டும், குருக்களின் நிலை மாற வேண்டும். இபாரா மறுக்கிறான். இவை தேவையான தீமைகள், கசப்பு மருந்து என்கிறான். நோயைக் கூட்டும் மருந்து மருந்தா என்று எலியாஸ் திருப்பிக் கேட்கிறான். காவல்படை கொள்ளைக்காரரை ஒழிக்கவில்லை, உருவாக்குகிறது என்கிறான். நாடு பார்த்த செல்வந்தன் அமைதி காக்கச் சொல்ல, வீடிழந்தவன் மாற்றம் கேட்கிறான்.

61இல் கதை தலைகீழாகிறது. பொய்க் குற்றச்சாட்டில் சிக்கி எல்லாம் இழந்த இபாரா இனிக் கிளர்ச்சிதான் வழி என்கிறான். குற்றமற்றவர் எத்தனை பேர் சாவார்கள் என்று தடுப்பவன் எலியாஸ். முதல் நாள் இரண்டு அணிகள் 49ஐ வைத்து வாதாடட்டும், ஒவ்வொரு வாதத்துக்கும் நாவலில் ஒரு வரியைக் காட்டியாக வேண்டும். இரண்டாம் நாள் 61ஐ வாசித்துவிட்டு அதே அணிகள் அதே பாத்திரத்துக்காகப் பேசட்டும். தாங்கள் நேற்றுச் சொன்னதற்கு எதிராகப் பேச வேண்டியிருப்பதை அவர்களே கண்டுபிடிப்பார்கள். மூன்றாம் நாள் ஏன் மாறினார்கள் என்பதை எழுத வேண்டும். இபாராதான் ரிசால், அவன் சொல்வதெல்லாம் ஆசிரியர் கருத்து என்ற நினைப்பு இந்த மூன்று நாளில் கலைந்துவிடும்.

எந்தப் பதிப்பு என்பதும் முக்கியம். ரிசால் ஸ்பானியத்தில் எழுதினார், நடுநடுவே தகலோக் சொற்களைத் தூவினார். பிலிப்பினோ மொழிபெயர்ப்பில் எல்லாமே தகலோகாகிவிடுவதால் ஸ்பானிய வாக்கியத்துக்குள் திடீரென வீட்டு மணம் வீசும் அந்த இடங்கள் தெரியாமல் போகின்றன. சாய்வெழுத்தில் காட்டும் பதிப்பு இருந்தால் நல்லது, இல்லாவிட்டால் ஆசிரியர் அடிக்கோடிட்டுச் சொல்லலாம். ஆங்கிலத்தில் லெயோன் மரியா குவெரேரோவின் 1961ஆம் ஆண்டு மொழிபெயர்ப்பு சரளமானது, பள்ளிகளில் நெடுங்காலம் புழங்கியது. ஆனால் கதைசொல்லி வாசகரை விளிக்கும் இடங்களை அது நீக்கியது, நிகழ்காலத்தை இறந்தகாலமாக்கியது, தகலோக் சொற்களை எடுத்துவிட்டது என்று ஆய்வாளர் பெனடிக்ட் ஆண்டர்சன் விரிவாகக் காட்டினார். அந்தக் குரலைக் காப்பாற்ற சோலேதாத் லாக்சன்-லோக்சினின் ஆங்கிலமோ விர்ஹிலியோ அல்மாரியோவின் பிலிப்பினோவோ மேலானவை. பள்ளியில் எல்லோருக்கும் படி இல்லையென்றால், தேர்ந்த பத்திகளை மட்டும் முழுப் பதிப்பிலிருந்து நகலெடுத்துக் கொடுத்து, மற்றதற்குச் சுருக்கத்தை வைத்துக்கொள்ளலாம். நூலகத்தில் போதிய படிகள் வைக்க வேண்டும் என்று அந்த 1956ஆம் ஆண்டுச் சட்டமே சொல்வதால், பள்ளி நிர்வாகத்திடம் கேட்டு வாங்க ஆசிரியருக்கு உரிமை உண்டு.

2022இல் ஜிஎம்ஏ தொலைக்காட்சியில் வந்த ‘மரியா கிளாரா அட் இபாரா’ தொடர், இன்றைய செவிலியர் கல்லூரி மாணவி ஒருத்தி நாவலுக்குள் போய்விழுவதாக அமைந்து இளைஞரிடையே பெரிய ஆர்வத்தைக் கிளப்பியது. அதைத் தடுக்க வேண்டியதில்லை. க்ளே என்ற அந்தப் பெண் நாவலில் இல்லாத பாத்திரம் என்பதைச் சொல்லிவிட்டு, அவள் கேட்கும் கேள்விகளை நாவலின் பெண்கள் ஏன் கேட்கவில்லை என்று எழுதச் சொன்னால் தொடரும் பாடத்துக்கு வேலை செய்யும்.

தேர்வுக்கு வருவோம். ‘பாத்திரத்தையும் பண்பையும் பொருத்துக’ என்ற வகைக் கேள்விக்கு நாவலைத் தொடாமலே முழு மதிப்பெண் வாங்கிவிடலாம். அதனால்தான் யாரும் தொடுவதில்லை. கேட்கும் விதம் மாறினால் படிக்கும் விதமும் மாறும். பெயரை நீக்கிய பத்து வரியைக் கொடுத்து, பேசுவது யார், எந்தச் சொல்லால் தெரிந்தது என்று கேட்கலாம். 11ஆம் அத்தியாயத்தில் ஊர்த் தலைவர் பதவிக்கு 5000 பெசோ செலவழித்து, பல அவமானமும் பட்டவர், வரும் வருமானத்தைப் பார்த்தால் அது மலிவே என்று நினைப்பதாக வருகிறது. இந்த வரியைக் கதைசொல்லி நம்புகிறாரா, இல்லை என்பது எப்படித் தெரிகிறது என்று கேட்கலாம். முடிவைச் சோதிக்க ஒரே கேள்வி போதும்: ஏரியில் இறந்தவர் இபாரா என்று யார் நம்புகிறார்கள், வாசகருக்கு மட்டும் தெரிந்தது என்ன?

கடைசி வாசிப்பு 63. கிறிஸ்துமஸ் முந்தைய இரவு, காட்டுக்குள், தாயைப் பறிகொடுத்த பசிலியோ. குண்டடிபட்டுச் சாகும் எலியாஸ், விறகடுக்கி எங்கள் உடல்களை எரித்துவிடு என்று அவனிடம் சொல்கிறான். பிறகு தனியாக, விடியலைப் பார்க்காமல் சாகிறேன், பார்க்கப் போகிறவர்கள் இரவில் விழுந்தவர்களை மறந்துவிடாதீர்கள் என்கிறான். இதை ஆசிரியர் விளக்க வேண்டாம். வாசித்துவிட்டு, மிச்சமிருக்கும் நேரத்தை அப்படியே விட்டுவிடலாம். மறுநாள் முடிவுரையை எடுத்து, இவர்களில் பலர் இன்னும் உயிரோடு இருக்கிறார்கள் என்று கதைசொல்லி சொல்லுமிடத்தைக் காட்டி, எஞ்சியவர்களின் பட்டியலை மாணவர் குறிப்பேட்டின் கடைசிப் பக்கத்தில் எழுதிக்கொள்ளட்டும். அந்தக் குறிப்பேட்டைத் தூக்கிப்போடாமல் வைத்திருக்கச் சொல்ல வேண்டும். பத்தாம் வகுப்பில் ‘ஃபிலி’ திறக்கும்போது பதின்மூன்று ஆண்டு கடந்திருக்கும், பாசிக் ஆற்றில் ‘தாபோ’ என்ற நீராவிப் படகு மெல்ல ஏறிக்கொண்டிருக்கும். அதில் மருத்துவம் படிக்கும் ஒரு இளைஞன் உட்கார்ந்திருப்பான், பெயர் பசிலியோ.